எழுபத்து நான்கின் எதிரே எழுதிய சொல்

கார்த்திகை தீபத்துக்குப் பின் வந்த அமாவாசையன்று மாலை நடந்தவை:

1. ஆறரைக்குத் தொலைநோக்கியை மாடிக்கு ஏற்றினேன். இரண்டு நடை. முதலில் அடிப்பெட்டி, பிறகு குழாய்.
2. ஏழரை வரை எதையும் பார்க்காமல் கண்ணை இருட்டுக்குப் பழக்கினேன்.
3. ஏழு ஐம்பதுக்கு, எழுபத்து நான்காம் எண் இருக்க வேண்டிய இடத்துக்குக் குழாயைத் திருப்பினேன்.
4. எட்டு மணிக்கு அதை நோட்டில் வரைந்தேன். எதிரே ‘தெரிகிறது’ என்று எழுதினேன்.
5. எட்டு ஐந்துக்கு வீட்டுக்கார அக்கா மாடிக்கு வந்தார். கொஞ்ச நேரம் கழித்து அவரும் பார்த்தார். ‘தெரியுது’ என்றார்.
6. எட்டு இருபத்தைந்துக்கு ஒரு தோழிக்கு ‘110’ என்று செய்தி அனுப்பினேன்.
7. எட்டரைக்கு வரைபடத்தைத் தலைகீழாகத் திருப்பி, என் படத்தோடு ஒப்பிட்டேன்.

ஏழும் நடந்தவை. நேரங்கள் நோட்டில் இருக்கின்றன. ஆனால் நான்கிலும் ஐந்திலும் உள்ள அந்தச் சொல் உண்மையல்ல. ஆறாவதை அதை நம்பி அனுப்பினேன்.

வானத்தில் மங்கலாகத் தெரியும் நூற்றுப் பத்துப் பொருள்களின் பட்டியல் ஒன்று உண்டு. இருநூறு ஆண்டுகளுக்கும் முன்பு பிரான்சில் வால்நட்சத்திரம் தேடிக்கொண்டிருந்த ஒருவர் தொடங்கியது. தேடும்போது வெளிறிய திட்டு ஒன்று கண்ணில் படும். வால்நட்சத்திரம் என்று நம்பி நாள்கணக்கில் பின்தொடர்வார். அது இருந்த இடத்திலேயே இருக்கும். அப்படித் தன்னை ஏமாற்றியவற்றுக்கு எண் போட்டு எழுதிவைத்தார், இன்னொரு முறை ஏமாறாமல் இருப்பதற்காக. அவர் வேண்டாம் என்று ஒதுக்கியவைதான் விண்மீன் கொத்துகள், நெபுலாக்கள், கேலக்ஸிகள். இன்று சிறிய தொலைநோக்கி வைத்திருப்பவர்கள் அவற்றைத்தான் தேடிப் போகிறார்கள். பலரும் முதலில் முடிக்க நினைப்பது இந்தப் பட்டியலை.

நாங்கள் இரண்டு பேராகத் தொடங்கினோம். பொறியியல் படித்தபோது விடுதியில் நானும் அந்தத் தோழியும் ஒரே அறை. எட்டு அங்குலக் கண்ணாடி வைத்த தொலைநோக்கி எங்கள் இருவருக்கும் பொது. நோட்டின் முதல் பக்கத்தில் விதிகள் எழுதியிருக்கிறோம். பார்த்ததை முதலில் வரைய வேண்டும், பிறகுதான் வரைபடத்தோடு ஒப்பிட வேண்டும். ஒருத்தி பார்த்ததை மற்றவளும் பார்த்தால்தான் கணக்கில் சேரும். இவை இரண்டும் அவள் கையெழுத்து. மற்றவள் இல்லாதபோது, வேறொரு நாள் மறுபடி பார்த்து உறுதி செய்ய வேண்டும். இந்த மூன்றாவது என் கையெழுத்து. அறுபத்து மூன்றாவதாகப் பார்த்த பொருளிலிருந்து அது நடைமுறைக்கு வந்தது.

அவள் போனதற்குக் காரணம் என்று ஒன்றும் இல்லை. வேலை சென்னையில், பிறகு கல்யாணம், பிறகு குழந்தை. தொலைநோக்கியை நீயே வைத்துக்கொள் என்றாள். சண்டை எதுவும் இல்லை. சண்டை வந்திருந்தால் அதற்கொரு தேதியாவது இருந்திருக்கும்.

மருத்துவமனைகளில் சொட்டுச்சொட்டாக மருந்து ஏற்றும் பம்புகளின் மென்பொருளைச் சோதிப்பது என் வேலை. வீட்டிலிருந்தே செய்யலாம். எங்கிருந்தும் செய்யலாம் என்று ஆனபோது, திருவண்ணாமலையில் ரமணாசிரமம் பக்கம் ஓர் அறை எடுத்தேன். அங்கே மாடிக்கு மாடி கஃபே, கஃபேக்குக் கஃபே சீரியல் பல்பு. நான்கே மாதத்தில் அடி அண்ணாமலைக்கு மாறினேன். காரணம் மலை. ஊர் மலைக்குக் கிழக்கே, அடி அண்ணாமலை வடமேற்கே. ஊரின் வெளிச்சம் முழுவதையும் மலை தன் முதுகால் மறைத்துவிடுகிறது. தென்கிழக்கு வானத்தில் ஒரு பெரிய துண்டு போய்விடும், மற்றதெல்லாம் கறுப்பாக இருக்கும். வீடு பார்க்க வந்த அன்று அறையைப் பார்ப்பதற்கு முன் மாடியைப் பார்க்கக் கேட்டேன். வடாம் காய வைக்கத்தான் கேட்கிறேன் என்று வீட்டுக்கார அக்கா நினைத்தாராம்.

அவருக்கு ஐம்பதை நெருங்கும் வயது. கீழே அவர்கள் குடும்பம், மேலே நான், எனக்கும் மேலே மொட்டைமாடி. பௌர்ணமிக்குப் பௌர்ணமி வாசலில் மேசை போட்டு, கிரிவலம் போகிறவர்களுக்குச் சுக்குக் காப்பியும் எலுமிச்சம் சாதமும் விற்பார். அன்று எனக்கு மாடியில் வேலை இல்லை. நிலா எல்லாவற்றையும் கழுவிவிடும். ஜன்னலோரம் உட்கார்ந்து, செருப்பில்லாத கால்கள் விடியும்வரை போகும் சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருப்பேன். ஊரே என் ஜன்னலைக் கடந்து போகும். அதில் எனக்குத் தெரிந்த ஒருவர்கூட இருக்கமாட்டார்.

ஒரே ஒரு முறை செய்யாறிலிருந்து அம்மா வந்திருந்தபோது அவரோடு சுற்றினேன். ஓரிடத்தில் கூட்டம் நின்று மலையைக் காட்டி, நந்தி முகம் தெரியுது பாருங்க என்றது. அம்மா என் தோளைப் பிடித்துத் திருப்பி, “தெரியுதா?” என்றார். எனக்குப் பாறைதான் தெரிந்தது. “தெரியுதும்மா” என்றேன். அம்மாவுக்கு அன்று முழுக்கச் சந்தோஷம்.

நான் அமாவாசைகளை எண்ணி வாழ்ந்தேன். மாதத்தில் ஏழெட்டு நல்ல மாலைகள் கிடைக்கும், மேகம் விட்டால். அந்த நாட்களில் லேப்டாப்பை மூடியதும் மாடிக்குப் போவேன். சாதாரண டார்ச் கண்ணின் பழக்கத்தைக் கெடுக்கும் என்பதால் சிவப்புக் கண்ணாடிப் பேப்பர் சுற்றிய டார்ச். அந்த வெளிச்சத்தில் குனிந்து எழுதுவேன். வெளியிலிருந்து பார்ப்பவர்களுக்கு இது எப்படி இருக்கும் என்று நான் யோசிக்கவில்லை. ஒருமுறை அமாவாசைக்கு முந்தின நாள் ரசத்துக்கு ஓர் எலுமிச்சம்பழம் வாங்கப் போனேன். கடைக்காரர் பழத்தைக் கையில் வைத்துக்கொண்டே, “ஒண்ணு போதுமாம்மா? நாளைக்கி ஜாஸ்தி வேண்டியிருக்குமே” என்றார். அப்போதும் எனக்குப் புரியவில்லை.

மூன்றாவது விதியின்படி ஒவ்வொன்றையும் இரண்டு முறை பார்த்து, நூற்று ஒன்பது வரை வந்திருந்தேன். மிச்சம் எழுபத்து நான்காம் எண் ஒன்றுதான். மீன ராசியில், நம்மை நோக்கி முகத்தைக் காட்டியபடி கிடக்கும் ஒரு கேலக்ஸி. ஒளி முழுவதும் பரவி நீர்த்துப் போயிருப்பதால் பட்டியலிலேயே மிக மங்கலானது என்று பெயர் வாங்கியது. மூன்று குளிர்காலம் தேடியிருந்தேன். இந்தக் குளிர்காலம் கடைசி. கிரிவலப் பாதை எங்கள் தெருவைத் தொடும் முனையில் உயர்கோபுர விளக்குக்காகக் கம்பம் நட்டு முடித்திருந்தார்கள். தெருவில் அதற்கு ஹைமாஸ் என்று பெயர். மின் இணைப்பு மட்டும் பாக்கி. அடுத்த அமாவாசைக்குள் கொடுத்துவிடுவார்கள் என்றார்கள். அந்த விளக்கு எரிந்தால் இந்த மாடியில் எழுபத்து நான்கு இல்லை.

அன்று வானம் துடைத்துவிட்டதுபோல் இருந்தது. தீபம் குளிர்ந்து சில நாள் ஆகியிருந்ததால் மலை உச்சியும் இருட்டு. குழாய் ஏறக்குறைய நேர் மேலே பார்த்து நின்றது. இடம் எனக்கு மனப்பாடம். ஒரு பிரகாசமான நட்சத்திரம், அங்கிருந்து சற்றுத் தள்ளி இரண்டு மங்கிய நட்சத்திரங்கள், அவற்றுக்கு இடப்பக்கம் அது. இத்தனை மங்கலானதை நேராகப் பார்த்தால் மறைந்துவிடும். பார்வையைக் கொஞ்சம் தள்ளி வைத்து, ஓரத்தால் பார்க்க வேண்டும். பத்து நிமிடம் பார்த்தேன். இரண்டு நட்சத்திரங்களுக்கு இடப்பக்கம் கறுப்பு கொஞ்சம் வெளுத்தது. போனது. மறுபடி வந்தது. வரைந்தேன். சொல்லை எழுதினேன்.  

அப்போதுதான் படிக்கட்டில் காலடி கேட்டது. பாதியில் நின்றது.

“பாப்பா, மேல வரலாமா?”

“வாங்கக்கா. உங்க மாடிதானே.”

“அதுக்கில்ல. எதுனா கோடு கீடு போட்டு வெச்சிருக்கியா? மிதிச்சிடப் போறேன்.”

“கோடெல்லாம் இல்லக்கா. ஸ்டூல் இருக்கு, பாத்து வாங்க.”

வந்தார். முந்தானையில் எதையோ முடிந்து, முடிச்சைக் கையால் பிடித்திருந்தார். அது விபூதி என்று பிறகு சொன்னார்.

“நேரா கேட்டுடறேன், மனசுல வெச்சிக்காத. அமாவாச தவறாம அந்தப் பொண்ணு மாடி ஏறுது, செவப்பு லைட்ட வெச்சிக்கினு எழுதுதுனு எதிர்வீட்டுக்காரி தெரு பூரா சொல்றா. நீ யாருக்காச்சும் எதுனா வெக்கிறியா?”

“எதக்கா வெக்கிறது?”

“தெரியாத மாறி கேக்காத. வெக்கிறதுன்னா வெக்கிறதுதான்.”

சூனியத்தைச் சொல்கிறார் என்று புரிந்ததும் சிரிப்பு வந்துவிட்டது. அது அவரை இன்னும் பயமுறுத்தியது. “ஐயோ, இல்லக்கா. எண்ணிட்டிருக்கேன்” என்றேன்.

“இன்னாத்த?”

“வானத்துல இருக்கறத.”

“அத எண்றதுக்கு அமாவாசதான் கெடைச்சுதா? பௌர்ணமிக்கு ஊரே பளிச்சுனு கீது, அப்ப எண்ணா ஆவாதா?”

நிலா வெளிச்சத்தில் மங்கலானவை மறைந்துபோகும் என்று விளக்கினேன். அவர் இடுப்பில் கை வைத்துக்கொண்டார்.

“இந்த ஊருக்கு வந்து நெலாவ வேணாங்கறியே, உன்ன இன்னான்னு சொல்றது! எங்க வீட்ல அடுப்பு எரியறதே அந்த நெலாவாலதான்.”

ஆனால் போகவில்லை. கவிழ்த்து வைத்திருந்த பக்கெட்டின் மேல் உட்கார்ந்தார். என் மாடியில் இன்னொரு ஆள் வந்து உட்கார்வது அதுதான் முதல் தடவை. எனக்கு இரண்டாவது விதி ஞாபகம் வந்தது. ஒரே மாலையில் இரண்டு பேர் பார்த்தால் போதும். இன்னொரு நாளுக்குக் காத்திருக்க வேண்டியதில்லை.

எல்லாவற்றையும் சொன்னேன். நூற்றுப் பத்து என்ற எண்ணை, இது ஒன்றுதான் பாக்கி என்பதை, கம்பத்தில் விளக்கு வந்துவிட்டால் அவ்வளவுதான் என்பதை. இவ்வளவையும் யாரிடமும் வாய்விட்டுச் சொன்னதில்லை. அவர் கேட்டுக்கொண்டே இருந்தார். பிறகு எழுந்து ஒரு கண்ணை உள்ளங்கையால் மூடி, மறு கண்ணைக் குழாயில் வைத்தார்.

“ரெண்டு சின்ன நட்சத்திரம் தெரியுதாக்கா?”

“ஆங், கீது.”

“அதுக்குப் பக்கத்துல வெளுப்பா, பொகை மாதிரி?”

கண்ணைக் குழாயோடு இன்னும் அழுத்தினார்.

“நேரா பாக்காதீங்க. ஓரக்கண்ணால பாருங்க.”

“ஓரக்கண்ணாலயா? இந்த வயசுல யாரப் பாக்கறதுக்கு?”

இரண்டு பேரும் சிரித்தோம். அவர் நிமிர்ந்து இடுப்பைத் தேய்த்துக்கொண்டார். ஸ்டூல் மேலிருந்த நோட்டைச் சிவப்பு வெளிச்சத்தில் ஒரு நிமிடம் பார்த்தார். மறுபடி குனிந்தார். இம்முறை சீக்கிரமே சொன்னார்.

“ஆங்! தெரியுது பாப்பா. இந்தாண்டப் பக்கம் கீது. நீ போட்டிருக்கற மாறியே கீது.”

நான் நோட்டில் ‘இருவர்’ என்று எழுதினேன். நூற்றுப் பத்து என்று எழுதி அடிக்கோடு போட்டேன். போனை எடுத்தேன். தோழிக்குக் கடைசியாக அனுப்பியது பொங்கல் வாழ்த்து. அதற்குக் கீழே ‘110’ என்று மட்டும் அனுப்பினேன். அவளுக்கு அது போதும்.

மிச்சமிருந்தது ஒப்பிடுவது மட்டும். எங்கள் முதல் விதியின் பின்பாதி. சடங்குபோல வரைபடத்தை எடுத்தேன். என் தொலைநோக்கி எதையும் தலைகீழாகத்தான் காட்டும். மேல் கீழாகும், இடம் வலமாகும். அதனால் ஒப்பிடும்போது வரைபடத்தை எப்போதும் தலைகீழாகத் திருப்புவேன். திருப்பினேன். இரண்டு மங்கிய நட்சத்திரங்கள் என் படத்தில் இருந்த அதே இடத்தில் இருந்தன. கேலக்ஸி வலப்பக்கம் இருந்தது.

என் படத்தில் அது இடப்பக்கம்.

அச்சிட்ட தாளில், திருப்பாமல் பார்த்தால், அது இடப்பக்கம்தான். மூன்று குளிர்காலமாக அந்தத் தாளைப் பார்த்துப் பார்த்து எனக்கு அது எங்கே இருக்கிறது என்று தெரியும். தெரியும் என்பதால் தெரிந்தது. நம் மொழியில் இரண்டுக்கும் ஒரே சொல். வேலையில் இதை முதல் வாரத்திலேயே சொல்லிக்கொடுத்தார்கள். எதிர்பார்க்கும் விடையை மனதில் வைத்துக்கொண்டு சோதித்தால், பம்பு எப்போதும் சரியாகத்தான் ஓடும்.

அக்காவைக் கேட்டேன். “அக்கா, நெஜமா தெரிஞ்சுதா?”

அவர் முந்தானை முடிச்சைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“நீ அவ்ளோ ஆசையா கேட்டியே பாப்பா.”

“இல்லன்னு சொல்லியிருக்கலாம்.”

“சொல்லிருக்கலாம். மொத ஆளா நீயே பாத்துட்டேங்கற. எனக்குக் கண்ணு செரியில்லன்னு நெனச்சிக்கினேன்.” பிறகு, “ஏன், நீயும் பாக்கலயா?” என்றார்.

“இல்லக்கா.”

“ஒண்ணுதானே? சேத்துக்க. யாரு வந்து எண்ணப் போறாங்க?”

யாரும் வரப்போவதில்லை என்பது உண்மை.  அவர் எழுந்து, குளிருது கீழ வா, கொழம்பு சுட வெக்கிறேன் என்றார். வருகிறேன் என்று சொல்லிவிட்டுப் போகவில்லை. சரியான பக்கத்தில் ஒன்பதரை வரை பார்த்தேன். அங்கே கறுப்பு கறுப்பாகவே இருந்தது. இம்முறை எங்கே பார்க்க வேண்டும் என்பதும் தெரிந்திருந்ததால், ஏதாவது தெரிந்திருந்தாலும் நம்பியிருக்கமாட்டேன்.

அறைக்கு வந்தபோது தோழியிடமிருந்து குரல் செய்தி வந்திருந்தது. பதினெட்டு வினாடி. பின்னால் குழந்தை எதையோ தட்டிக்கொண்டிருந்தது. “ஏய்! முடிச்சிட்டியாடி? எழுபத்து நாலுமா? எப்படி இருந்துச்சு, சொல்லு சொல்லு. நான் கண்ண மூடிக்கறேன், நீ சொல்லு.”

விடுதி மாடியில் அது எங்கள் பழக்கம். முதலில் பார்த்தவள் சொல்லுவாள், மற்றவள் கண்ணை மூடிக்கொண்டு கேட்பாள், பிறகு பார்ப்பாள். அந்தக் குரலை நான்கு முறை கேட்டேன். சொல்லியிருக்க முடியும். அந்தக் கேலக்ஸியை மற்றவர்கள் எப்படியெல்லாம் விவரித்திருக்கிறார்கள் என்பதை வரி வரியாகப் படித்திருக்கிறேன். நடுவில் கொஞ்சம் அழுத்தம், சுற்றிலும் கரைந்துபோகும் வெண்மை, பார்த்தால் போகும், விட்டால் வரும். மூன்று வாக்கியம் போதும். அதன் பிறகு அவள் கேள்வி கேட்பாள், நான் சொல்வேன், ஒரு மணி நேரமாவது பேசியிருப்போம். போனைக் கையில் வைத்தபடி தட்டச்சுக்கூடச் செய்தேன். அனுப்பவில்லை. அழித்தேன்.

மறுநாள் வங்கக்கடலில் காற்றழுத்தத் தாழ்வு. ஐந்து நாள் மூட்டம். முதல் நாள் மாலை, மாடிக்குப் போக வேண்டிய நேரத்தில், அவளுக்கு எழுதினேன்: ‘தப்பு. தாளில் இருந்த பக்கத்தில் பார்த்திருக்கிறேன். வரைபடத்தைத் திருப்பியபோதுதான் தெரிந்தது. 109.’

இரண்டு நீலக் குறிகள் உடனே வந்தன. பதில் மறுநாள் மதியம் வந்தது. “பரவால்லடி. நெக்ஸ்ட் டைம்.” ஒரு கட்டைவிரல் படம். நான் கேட்க நினைத்தது ஒன்று இருந்தது: நாம் சேர்ந்து பார்த்த அறுபத்திரண்டில், நான் சொன்னதால் நீ ‘தெரியுது’ என்று சொன்னவை எத்தனை? கேட்கவில்லை. அவளும் அதே கேள்வியை என்னிடம் கேட்கலாம். எனக்கு விடை உறுதியாகத் தெரியாது.

மூட்டம் விலகியபோது நிலா வளர்ந்திருந்தது. பௌர்ணமிக்கு இரண்டு நாள் முன்பு கம்பத்துக்கு இணைப்பு கொடுத்தார்கள். வாசலில் மேசை போட்ட அக்கா, வெளிச்சத்தில் சில்லறை நன்றாகத் தெரிகிறது என்று சந்தோஷப்பட்டார். பிறகு என்னைப் பார்த்துவிட்டுப் பேச்சை மாற்றினார். எதிர்வீட்டுப் பெண்மணி இப்போது என்னைப் பார்த்தால் சிரிக்கிறார். நான் நட்சத்திரம் எண்ணும் கவர்ன்மெண்ட் வேலையில் இருப்பதாக அவருக்குச் சொல்லப்பட்டிருக்கிறது. திருத்தவில்லை.

நோட்டில் ‘தெரிகிறது’, ‘இருவர்’, ‘110’ மூன்றையும் ஒற்றைக் கோட்டால் அடித்திருக்கிறேன். அடியில் இருப்பது படிக்க முடியும்படி. காரணத்தைப் பக்கத்தில் எழுதியிருக்கிறேன்.

உயர்கோபுர விளக்கு மாலை ஆறரைக்கு எரிகிறது, காலை ஆறுக்கு அணைகிறது. தொலைநோக்கி அறையில், கட்டிலுக்கும் சுவருக்கும் நடுவே இருக்கிறது. என் கணக்கில் நூற்று ஒன்பது பொருள்கள் உள்ளன. எழுபத்து நான்கை நான் பார்க்கவில்லை.